'பத்து செகண்ட்தானே சார்?'

ஆவணப்படங்களுக்குப் பழைய காட்சிகளைத் தேடி அனுமதி வாங்கித் தருவது என் வேலை. இந்த மாதத்தில் இப்படிக் கேட்கும் மூன்றாவது இயக்குநர் இவர். ஒன்றேகால் மணி நேர ஆவணப்படம். எடிட் லாக் ஆகிவிட்டது, அதாவது இனி வெட்டு ஒட்டு கிடையாது. ஒலி மிக்ஸிங்கும் முடிந்தது. நான்கு நாளில் சேனலுக்குக் கொடுக்க வேண்டும். சேனல்காரர்கள் உரிமைப் பத்திரம் கேட்ட பிறகுதான் என் நினைவு வந்திருக்கிறது. டைம்லைனில் பழைய காட்சிகள் 23. ஒன்றுக்கும் அனுமதிக் கடிதம் இல்லை. எல்லாம் யூடியூபில் இறக்கியது. கடைசியில் 'நன்றி: இணையம்' என்று ஒரு கார்டு. இணையம் யார், எந்தத் தெருவில் குடியிருக்கிறார்?

பத்து செகண்டுக்குள் இருந்தால் அனுமதி வேண்டாம் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. 1957 பதிப்புரிமைச் சட்டத்தை முன்னும் பின்னும் புரட்டினாலும் அப்படியொரு செகண்ட் கணக்கு கிடைக்காது. விமர்சனம், நடப்புச் செய்தி போன்றவற்றுக்கு நியாயமாகப் பயன்படுத்தலாம் என்கிறது 52ஆம் பிரிவு. அதையும் எதற்கு, எவ்வளவு, உரிமையாளருக்கு நஷ்டமா என்று பார்த்துத்தான் முடிவு செய்வார்கள். பத்து செகண்ட் மாட்டலாம், ஒரு நிமிடம் தப்பலாம். லோகோவை மங்கலாக்குவதும் படத்தை இடவலமாகத் திருப்பிப் போடுவதும் திருட்டுக் காட்சியைக் கண்டுபிடிக்கும் மெஷினை ஏமாற்றும் வித்தைகள், அவ்வளவுதான். நன்றி போடுவது மரியாதை. அது அனுமதிக் கடிதம் ஆகாது. செகண்ட் கணக்கு நிஜமாகவே வரும் இடம் ஒன்று உண்டு, ஆவணக் காப்பகங்களின் விலைப்பட்டியல்!

'பழசுதானே' என்பது அடுத்தது. படத்தின் உரிமை, அது வெளியான ஆண்டு முடிந்து 60 வருடம். 1964இல் வந்ததற்கு 2024 கடைசி வரை உரிமை இருந்தது. படம் விடுபட்டாலும் அதிலுள்ள பாட்டு விடுபட்டிருக்காது. இசையமைத்தவர் இறந்த பிறகு 60 வருடம் அதற்குத் தனிக் கணக்கு.

சரி, உரிமையை விடுங்கள். காட்சியாவது உண்மையா? 1964 தனுஷ்கோடிப் புயல் என்று ஒரு கறுப்பு வெள்ளைத் துண்டு வைத்திருந்தார். நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். ஓடுகிற பெண்ணின் கை விளிம்பில் சீப்புப் பல் மாதிரி கோடுகள். ஃபிலிமில் எடுத்ததில் பொதுவாக அது வராது, வீடியோ கேமராவின் அடையாளம். இடுப்பில் பிளாஸ்டிக் குடம். யாரோ பிற்காலத்து வெள்ளக் காட்சியில் நிறத்தை உருவியிருக்கிறார்கள்.

ஸ்கிரிப்ட் எழுதும்போதே தேடலைத் தொடங்குங்கள். ஒவ்வொரு துண்டுக்கும் எங்கிருந்து, யாரிடமிருந்து, எந்தத் தேதியில் என்று எழுதி வையுங்கள். அரசின் செய்திப்படங்களை எடுத்த பிலிம்ஸ் டிவிஷனின் காட்சி என்றால் இப்போது தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்துக்கு (என்.எஃப்.டி.சி.) எழுத வேண்டும். டைம்கோட் (ஓடும் நேர எண்) போட்ட மாதிரிப் பிரதியை வாங்கி வெட்டிப் பாருங்கள், லாக் செய்வதற்கு முன்பே பணம் கட்டுங்கள். டிவிக்கு வாங்கிய உரிமை ஓடிடிக்குச் செல்லாது, பத்திரத்தைப் படியுங்கள். அப்புறம், பழைய டிவி அளவான 4:3 காட்சியைப் பக்கவாட்டில் இழுத்துத் திரையை நிரப்பாதீர்கள். காமராஜர் ஏற்கெனவே ஆஜானுபாகு, நீங்கள் வேறு அகலப்படுத்த வேண்டுமா?

1940இல் வெளிவந்த காந்தி ஆவணப்படத்துக்காகப் பத்திரிகையாளர் ஏ.கே. செட்டியார் கப்பலேறி நாடு நாடாகப் போய்ப் படச்சுருள் சேர்த்தார். நமக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்பச் சோம்பல்.

அந்த 23இல் ஏழுக்குத்தான் நான்கு நாளில் அனுமதி கிடைத்தது. மீதி இடங்களில் இப்போது இயக்குநர் தன் மொபைலில் எடுத்து வைத்திருந்த அலைகள் அடித்துக்கொண்டிருக்கின்றன.