முதல் தேதிச் சம்பளம்

வேலை போனதை வீட்டில் மறைத்துவிட்டு என்னிடம் ஆலோசனைக்கு வந்தவர்களில், இந்த மாதத்தில் இது மூன்றாவது ஆள். வேலை போய்ப் பதினான்கு மாதங்கள். தினமும் இஸ்திரி போட்ட சட்டையோடு கிளம்பி, நூலகத்தில் பொழுதைக் கழித்து, மாலையில் களைத்த முகத்தோடு வீடு திரும்பியிருக்கிறார். (அடையாளங்களை மாற்றியிருக்கிறேன்.) முதல் தேதியானால் வீட்டில் 'சம்பளம்' கொடுத்தாக வேண்டும், கடன் செயலிகள் கொடுத்தன. இடையில் பதவி உயர்வு வேறு! அம்மா கேட்டுக்கொண்டே இருந்தாராம், வந்துவிட்டது என்று சொல்லிவிட்டார். உயர்வு வந்தால் தொகையும் கூட வேண்டுமே. அதற்கும் ஒரு கடன்.

"அவர்கள் தாங்க மாட்டார்கள், அதனால்தான் மறைத்தேன்." எல்லோரும் இதையேதான் சொல்கிறார்கள், எனக்குக் கேட்டுக் கேட்டுச் சலித்துவிட்டது. வேலை போனதற்காக என் அறையில் அழுத குடும்பத்தினர் மிகக் குறைவு. "எங்களிடம் ஏன் சொல்லவில்லை?" என்றுதான் அழுகிறார்கள். பிறகு பழைய நாட்களைத் தோண்டத் தொடங்குகிறார்கள்: பிறந்தநாளுக்கு வந்த கைக்கடிகாரம் கடனில் வாங்கியதா? அன்று போனில் சிரித்ததாவது நிஜமா? மறைத்தவர்களிடம் நான் கேட்கிறேன்: உங்கள் மானத்தைக் காப்பாற்றிக்கொள்ளத்தானே பொய் சொன்னீர்கள்? வீட்டார் மேல் ஏன் பழியைப் போடுகிறீர்கள்?

பிரான்சில் ஜான் குளோத் ரோமான் என்பவர் படிப்பையே முடிக்காமல், தான் உலக சுகாதார நிறுவனத்தின் மருத்துவர் என்று சுமார் 18 ஆண்டுகள் குடும்பத்தை நம்பவைத்தார். முதலீடு செய்யச் சொல்லி உறவினர்கள் கொடுத்த பணத்தில் வாழ்ந்தார். குட்டு உடையும் நிலை வந்த 1993 ஜனவரியில் மனைவி, இரு குழந்தைகள், பெற்றோர் ஆகிய ஐவரையும் கொன்றார். என்னிடம் வருபவர்கள் அப்படிப்பட்டவர்கள் இல்லை. அவர்கள் விஷயத்தில் நான் பயப்படுவது அவர்களுடைய உயிருக்குத்தான்.

நல்ல வேலை கிடைத்த பிறகு சொல்லலாம் என்று காத்திருக்காதீர்கள். வீட்டில் நிதானமானவர் ஒருவர் இருப்பார், முதலில் அவரிடம் சொல்லுங்கள். கடன் மொத்தத்தையும் எழுதி ஒரே தடவையில் காட்டுங்கள். பாதியைச் சொல்லி மீதியை மறைத்தால், அது வெளிவரும் நாளில் முதலில் சொன்ன உண்மையும் செல்லாக்காசாகிவிடும். பொய்யைக் காப்பாற்றப் புதுக் கடன் வேண்டவே வேண்டாம்.

வீட்டாருக்கு ஒரு வேண்டுகோள். அன்றைக்கு மட்டும் கணக்குக் கேட்காதீர்கள். சாகும் எண்ணம் வந்ததா என்று நேராகவே கேளுங்கள். கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக முளைத்துவிடாது. ஆம் என்றால் உடனே மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். அன்றிரவு அவரைத் தனியாகப் படுக்க விடாதீர்கள்.