மண்ணைச் சுட்டுத் தங்கம் எடுத்த ஊர்

கனடாவின் டாசன் சிட்டி படம் ஒன்றைப் பார்த்த வாசகர் ஒருவர் கேட்டிருந்தார்: இரண்டு பழைய மரக்கட்டடங்கள் ஒன்றின் தோளில் ஒன்று சாய்ந்து நிற்கின்றனவே, நிலநடுக்கம் வந்ததா, கட்டியவர்கள் பிழை செய்தார்களா? நிலநடுக்கம் வரவில்லை. சாய்த்தது அடியில் இருக்கும் பனிக்கட்டி. அந்த ஊருக்கு ஓடிவந்தவர்கள் தங்கத்தைத் தோண்டி எடுக்க முடிந்ததும் அதே பனிக்கட்டியின் தயவில்தான்.

ஊர் பிறந்த கதை பலருக்குத் தெரியும். 1896 ஆகஸ்ட் 16 அன்று, யூகான் பகுதியில் கிளாண்டைக் ஆற்றில் வந்து சேரும் ராபிட் ஓடையில் ஒரு சிறு குழு தங்கத்தைக் கண்டது. பூர்வகுடிகளான கேஷ் என்கிற ஸ்கூக்கம் ஜிம்மும் டாசன் சார்லியும் அதில் இருந்தார்கள். உடன் ஜார்ஜ் கார்மக். ஓடைக்கு பொனான்சா என்று பெயர் மாறியது. கிளாண்டைக்கும் யூகான் ஆறும் கூடும் சதுப்புத் திட்டை ஜோசப் லடூ என்ற வணிகர் தன் பெயரில் பதிந்து, மனை பிரித்து விற்றார். அந்தப் பகுதியை 1887இல் ஆராய்ந்த புவியியலாளர் ஜார்ஜ் மெர்சர் டாசனின் பெயர் ஊருக்கு வந்தது. 1897 ஜூலையில் தங்கம் ஏற்றிய கப்பல்கள் சான் பிரான்சிஸ்கோவையும் சியாட்டிலையும் அடைந்ததும் சுமார் 1 லட்சம் பேர் கிளம்பினார்கள். போய்ச் சேர்ந்தவர்கள் 30,000 முதல் 40,000 பேர். அவர்களில் பெரும்பாலோர் 1898 கோடையில் வந்து இறங்கியபோது நல்ல ஓடைகள் எல்லாம் யார் பெயரிலோ பதிவாகிவிட்டிருந்தன.

பல வரலாறுகள் இங்கே ஒன்றைத் தாண்டிப் போய்விடுகின்றன, போகக் கூடாது. அந்த ஆற்றுமுனை ட்ரொன்டெக் ஹ்வெச்சின் என்ற பூர்வகுடி மக்களின் மீன்பிடி இடம். கூட்டம் நெருக்கவே, தலைவர் ஐசக் தம் மக்களை அழைத்துக்கொண்டு ஆற்றின் போக்கில் 5 கிலோமீட்டர் கீழே மூஸ்ஹைடுக்குப் பெயர வேண்டியிருந்தது.

தங்கம் எங்கே கிடந்தது? வீட்டில் அரிசி அரிப்பதைப் பார்த்தவர்களுக்கு இது எளிது. பாத்திரத்தைத் தண்ணீரோடு ஆட்டி ஆட்டிச் சாய்க்கும்போது அரிசி நீரோடு போகும், கல் அடியில் தங்கும். ஓடையும் அதையே லட்சக்கணக்கான ஆண்டுகளாகச் செய்கிறது. தங்கத்தின் அடர்த்தி நீரைப் போல் 19.3 மடங்கு, சாதாரண மணலுடையது சுமார் 2.65 மடங்கு. தண்ணீருக்குள் இரண்டும் நீரின் எடையளவை இழப்பதால் 18.3க்கு 1.65 என்று ஆகிவிடும். அதாவது, ஒரே பருமனுள்ள தங்கத்துகள் நீருக்குள் மணலைப் போல் 11 மடங்கு கனம். வெள்ளம் சரளையை உலுக்கும்போதெல்லாம் தங்கம் ஒரு படி கீழே இறங்குகிறது, கடைசியில் அடிப்பாறையின் வெடிப்புகளில் போய் அடைகிறது. பனியுகத்தில் பனிப்பாளங்கள் கிளாண்டைக்கை மூடவில்லை. மூடியிருந்தால் அந்தச் சரளையை வாரி எங்கோ இறைத்திருக்கும்.

ஆற்றைத் தாண்டி, குன்றுகளின் தோளிலும் தங்கம் இருந்தது. அனுபவம் மிக்க பழைய சுரங்கக்காரர்கள் அதை நம்பவில்லை; விவரம் தெரியாத புதியவர்கள் அங்கே தோண்டி எடுத்தார்கள். இதை அதிர்ஷ்டம் என்று இன்றும் எழுதுகிறார்கள். ஆனால் அந்தக் குன்றுத் தோள்கள் மிகப் பழைய ஓர் ஆற்றின் படுகை. நிலம் உயர, ஓடைகள் ஆழமாக அறுத்துக்கொண்டு கீழே போயின. படுகை மேலேயே நின்றுவிட்டது. காரணம் இப்படித் தெளிவாக இருக்கும்போது அதிர்ஷ்டத்தை இழுப்பது எனக்கு ஒப்பாது.

அடிப்பாறை 5 முதல் 10 மீட்டர் ஆழத்தில், சில இடங்களில் இன்னும் கீழே. மேலே பாசி மெத்தை. அடுத்து மட்கிய கருவண்டல், மாமத் யானைகளின் எலும்பு கிடைப்பது அதில்தான். அதற்கும் கீழே சரளை. பாசிக்குக் கீழே அத்தனையும் ஆண்டு முழுக்க உறைந்தே கிடக்கும். புவியியலார் இதை பெர்மாஃப்ராஸ்ட் என்பார்கள், உறைமண் என்று வைத்துக்கொள்வோம். சரளைக்கற்களின் இடுக்கில் இருக்கும் பனிக்கட்டி சிமெண்ட் போலப் பிடித்துக்கொள்ளும். கடப்பாரை போட்டால் பொறி பறக்குமே தவிர மண் பெயராது.

எனவே மண்ணைச் சுட்டார்கள். மாலையில் குழியின் அடியில் விறகை அடுக்கித் தீ மூட்டுவது, இரவெல்லாம் எரியவிடுவது, காலையில் சாம்பலை அள்ளி, இளகிய மண்ணை வாளியில் நிரப்ப, மேலே இருப்பவர் கைப்பிடி வைத்த மர உருளையைச் சுற்றி இழுத்துக் குவிப்பார். ஒரு நெருப்புக்கு சுமார் ஓர் அடி ஆழம்தான் இளகும்.

ஏன் இவ்வளவு குறைவு? உறைமண் பூஜ்யத்துக்குச் சில டிகிரிதான் கீழே இருக்கிறது. அதைச் சூடாக்குவது பெரிய வேலையே இல்லை. வெப்பத்தை விழுங்குவது உருகுதல். பள்ளிப் பாடத்தில் படித்த உள்ளுறை வெப்பம் இதுதான்: 1 கிலோ பனிக்கட்டி, வெப்பநிலை சிறிதும் ஏறாமல், உருகுவதற்கே 334 கிலோஜூல் எடுத்துக்கொள்ளும். ஒரு கன மீட்டர் சரளையில் 30 சதவீதம் பனிக்கட்டி என்று வைத்தால், அது 275 கிலோ. உருக்க ஏறக்குறைய 9 கோடி ஜூல் வேண்டும். கற்களைச் சூடாக்க இன்னும் ஒரு கோடி போதும். கணக்குப்படி 7 கிலோ காய்ந்த விறகே அதிகம். ஆனால் நெருப்பின் வெப்பம் மேலே போகும், மண்ணோ கீழே இருக்கிறது. பெரும்பகுதி புகையோடு வானத்துக்குப் போனது. பக்கத்து மலைச்சரிவுகள் மொட்டையானது இப்படித்தான்.

பாறையைத் தொட்டதும் தங்கம் கிடக்கும் தளத்தையே பிடித்துப் பக்கவாட்டில் சுரங்கம் வெட்டினார்கள். இந்த இடம்தான் என்னை மிகவும் கவர்கிறது: அந்தச் சுரங்கத்தின் கூரைக்குப் பெரும்பாலும் முட்டு தேவைப்படவில்லை. தோண்டவிடாமல் தடுத்த அதே பனிக்கட்டி கூரையைத் தாங்கியது, நிலத்தடி நீர் உள்ளே கசியாமலும் அடைத்தது. கோடையில் இந்த வேலை நடக்காது. வெதுவெதுப்பான காற்று புகுந்தால் கூரை இளகிப் பாளமாக விழும், குழியில் தண்ணீர் நிறையும். அதனால்தான் வெளியே மைனஸ் 40 டிகிரி குளிரில் சுரங்க வேலை சூடுபிடித்தது. ஆபத்து இருந்தது. நெருப்பு அளவுக்கு மிஞ்சினால் கூரை இளகும். புகை வெளியேறுமுன் இறங்கினால் கண் எரியும், கார்பன் மோனாக்சைடு மயக்கிவிடும்.

வெளியே குவித்த மண் உடனே மறுபடி உறைந்துவிடும். தேறுமா தேறாதா என்று அறிய, அதில் ஒரு தட்டு அளவைக் குடிசைக்குள் கொண்டுபோய், பனியை உருக்கிய நீரில் அரித்துப் பார்ப்பார்கள். மீதி முழுக்க வசந்தம் வரை காத்திருக்க வேண்டும். ஓடை உருகி ஓடத் தொடங்கியதும், குவியலைச் சரிவான மரப்பெட்டி வாய்க்காலில் கொட்டி நீரைப் பாய்ச்சினார்கள். அடியில் பதித்த சட்டங்களுக்கு இடையே நீர் சுழலும். கனமான தங்கம் அங்கே விழுந்து தங்கும். சரிவு குறைந்தால் மணல் இறுகி இடுக்குகளை அடைத்துவிடும், கூடினால் பொடித்தங்கம் அடித்துக்கொண்டு போகும்.

விரைவிலேயே நெருப்பின் இடத்துக்கு நீராவி வந்தது. கூர்முனை இரும்புக் குழாயை மண்ணில் அடித்து இறக்கி, கொதிகலனிலிருந்து ஆவியைச் செலுத்தினார்கள். ஆவி குளிர்ந்து நீராகும்போது தன் உள்ளுறை வெப்பத்தை மண்ணுக்குள்ளேயே விட்டுவிடும். 1 கிலோ ஆவி 8 கிலோ பனிக்கட்டியை உருக்க வல்லது. வெப்பம் வீணாகும் வழி அடைபட்டது. பிறகு பெரும் நிறுவனங்களின் மிதக்கும் தோண்டி எந்திரங்கள் வந்தன. 1912இல் கட்டிய 4ஆம் எண் எந்திரம், எட்டு மாடி உயரத்தில், பொனான்சா ஓடைக் கரையில் இன்றும் நிற்கிறது. அதற்கு முன்பே, 1899இல் அலாஸ்காவின் நோம் கடற்கரையில் தங்கம் என்ற செய்தி வந்ததும் டாசனின் கூட்டம் ஆயிரக்கணக்கில் கலைந்திருந்தது.

கட்டடங்கள் மட்டும் நின்றன, பனிக்கட்டி நிறைந்த வண்டலின் மேல். பாசி மெத்தைதான் உறைமண்ணுக்குப் போர்வை. மனை போட அதைச் சுரண்டினார்கள். உள்ளே இரவும் பகலும் அடுப்பு எரிந்தது. சுரங்கத்தில் வேண்டுமென்றே செய்ததை இங்கே அறியாமல் செய்தார்கள். உருகிய பனிக்கட்டி நீராகி வடிய, மண் அமுங்கியது. பனிக்கட்டி எங்கும் ஒரே அளவில் இல்லாததால் ஒரு மூலை முந்தியும் இன்னொன்று பிந்தியும் இறங்கின. வாசகர் கேட்ட சாய்வு அதுதான்.

இன்று புவி சூடாவதால் உறைமண் பல வட ஊர்களின் கவலையாகிவிட்டது. மண்ணுக்குள் வெப்பமானி புதைத்து ஆண்டுக்கணக்கில் எண் குறிக்கும் வேலைக்குப் பரபரப்பு கிடையாது. அதற்காகவே அதற்குத் தடையில்லாமல் பணம் தர வேண்டும் என்பேன். இடையில் ஐந்தாண்டு விட்டுப்போனால் அந்த எண்களைப் பிறகு எந்தப் பணத்தாலும் வாங்க முடியாது.

அங்கே வீட்டைக் காக்கும் வழி எளிமையானது. தரையோடு ஒட்டாமல், அடுக்கிய மரக்கட்டைகளின் மேல் தூக்கிக் கட்டுகிறார்கள். அடியில் ஓர் இடைவெளி. குளிர்காலக் காற்று அதில் புகுந்து வீட்டின் சூட்டை மண் தொடுமுன் வாரிக்கொண்டு போகும். அப்படியும் ஒரு மூலை இறங்கினால் ரசமட்டம் காட்டிக்கொடுக்கும். அந்த மூலையில் ஜாக்கி வைத்துத் தூக்கி, ஒரு துண்டுக் கட்டையைச் செருகி, மறுபடி மட்டம் பார்ப்பார்கள்.