கையெழுத்துப் போட அவர்களுக்கு அதிகாரம் இருக்கிறதா?

போன மாதம் காரைக்குடியில் என் அலுவலகத்துக்கு ஆச்சி ஒருவர் வந்திருந்தார்கள். மஞ்சப்பையிலிருந்து ஒரு மாநகராட்சிக் கடன்பத்திரத்தின் விளம்பரத் தாளை எடுத்து வைத்து, "தம்பி, வட்டி எட்டுக்குப் பக்கத்துல வருது, கவர்மெண்டு பத்திரம்தானே, கண்ணை மூடிக்கிட்டுப் போடலாமா?" என்றார்கள்.

நான் பதில் சொல்லாமல், "ஆச்சி, உங்க வளவுக்கு எத்தனை பங்கு?" என்றேன். இருபத்திரண்டாம். "அதுல ஒரு பங்காளி மட்டும் கையெழுத்துப் போட்டு மொத்த வீட்டையும் அடமானம் வச்சா?"

"அது எப்படிப்பா செல்லும்? அவன் பங்குதான் போகும்."

சரி, விஷயம் அவ்வளவுதான். கடன் வாங்கியவர் திருப்பித் தருவாரா என்று எல்லோரும் பார்க்கிறோம், கடன் தரத்துக்குப் போடும் மார்க்கான ரேட்டிங்கூட அதைத்தான் சொல்கிறது. ஆனால் உள்ளாட்சி அமைப்பு என்பது சட்டம் போட்டுப் பிறந்த பிள்ளை, சட்டம் கொடுக்காத அதிகாரத்தில் அது கையெழுத்துப் போட்டால் அந்தக் கையெழுத்துக்கு மதிப்பே இல்லை.

அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் இது நடந்தது. அங்கே ஒரு பொது மின் நிறுவனம் இரண்டு அணுமின் நிலையங்கள் கட்ட 225 கோடி டாலருக்குப் பத்திரம் விற்றது. மின்சாரம் வந்தாலும் வராவிட்டாலும் பணம் கட்டுகிறோம் என்று 88 உள்ளூர் மின் அமைப்புகள் ஒப்பந்தம் போட்டிருந்தன; பத்திரத்துக்குப் பின்னால் இருந்த பலமே அதுதான். நிலையங்கள் பாதியில் நின்றன. 1983-ல் அந்த மாநில உச்ச நீதிமன்றம், வராத மின்சாரத்துக்குப் பணம் தருகிறேன் என்று ஒப்புக்கொள்ள அங்குள்ள நகராட்சிகளுக்கும் மின் வாரியங்களுக்கும் அதிகாரமே கிடையாது என்று சொல்லிவிட்டது. பத்திரம் வாங்கியிருந்தவர்களில் ஓய்வூதியக்காரர்கள் எத்தனையோ பேர். வருடக்கணக்கில் தனி வழக்கு நடத்தி ஒரு பகுதியைத்தான் மீட்டார்கள். 1991-ல் லண்டனிலும் இதே கதை: ஒரு உள்ளாட்சி கவுன்சில் வங்கிகளோடு போட்ட வட்டி மாற்று ஒப்பந்தங்கள் (நிலையான வட்டியையும் ஏறி இறங்கும் வட்டியையும் ஒருவருக்கொருவர் மாற்றிக்கொள்வது) அதிகாரத்துக்கு மீறியவை என்று அப்போது அங்கே உச்ச நீதிமன்றமாக இருந்த பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது, கை சுட்டுக்கொண்டது வங்கிகள்.

எல்லாக் குறையும் ஒன்றல்ல. அதிகாரம் இருந்து, கூட்ட நோட்டீஸ் ஒரு நாள் தாமதம் என்பது போன்ற நடைமுறைப் பிசகு என்றால், நல்லெண்ணத்தோடு வாங்கியவரைக் காப்பாற்ற நீதிமன்றம் பெரும்பாலும் வழி பார்க்கும். அதிகாரமே இல்லை என்றால் அது கஷ்டம். நம் ஒப்பந்தச் சட்டம் 65-ஆம் பிரிவில் கொடுத்ததைத் திருப்பிக் கேட்கலாம்தான், ஆனால் அச்சடித்த வட்டி? அதற்காக எத்தனை வாய்தா?

நம் பக்கத்து மதுரை மாநகராட்சி 2001-லேயே உள்வட்டச் சாலைக்காக 30 கோடிக்குப் பத்திரம் போட்டது. உள்ளாட்சிக் கடனுக்கு 1914-ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது, பத்திர வெளியீட்டுக்கு 2015-லிருந்து பங்குச் சந்தையைக் கண்காணிக்கும் செபியின் தனி விதிகளும் உண்டு. ஆகவே பயந்து ஓட வேண்டியதில்லை. மாநகராட்சி மன்றத் தீர்மானத்தின் எண்ணும் தேதியும், மாநில அரசின் அனுமதி ஆணை, எந்தச் சட்டப் பிரிவின்கீழ் கடன், எந்த வரி வருமானம் எஸ்க்ரோ கணக்குக்கு (கடனை அடைக்கவென்றே தனியாக ஒதுக்கி வைக்கும் கணக்கு) போகிறது, இவ்வளவும் வெளியீட்டு ஆவணத்தில் இருக்கிறதா என்று தேடுங்கள். விளம்பரத் தாளில் இருக்காது, அதில் சிரிக்கிற குடும்பப் படம்தான் இருக்கும்.

ஆச்சிக்கு முழு ஆவணத்தையும் பிரிண்ட் போட்டுக் கொடுத்தேன். கண்ணாடியை மாட்டிக்கொண்டு, "தீர்மான நம்பர் எந்தப் பக்கம்?" என்று அங்கேயே உட்கார்ந்து புரட்ட ஆரம்பித்துவிட்டார்கள்.