பரீட்சை இல்லாத பள்ளியில் வாசிக்கத் திணறும் பிள்ளை

ரேங்க் கார்டு கிடையாது, சீருடை கிடையாது, ஆசிரியரை 'அக்கா', 'அண்ணா' என்று கூப்பிடலாம். மாற்றுப் பள்ளி என்றதும் பெற்றோருக்குப் பிடித்துப்போவது இதுதான். சென்னைக்கு இந்த யோசனை புதிதும் இல்லை. பிள்ளைகள் தாமே பொருட்களைக் கையாண்டு கற்கும் முறையை உருவாக்கிய இத்தாலியக் கல்வியாளர் மரியா மாண்டிசோரி 1939-லேயே அடையாறுக்கு வந்து ஆசிரியர்களுக்குப் பயிற்சி கொடுத்தார்.

கற்றலில் சிரமப்படும் பிள்ளைகளுக்குச் சொல்லித்தரும் சிறப்பாசிரியராக வேலை செய்கிற எனக்கும் இந்தப் பள்ளிகள் பிடிக்கும். வாசிக்கத் திணறும் பிள்ளை அங்கே கூனிக் குறுகுவதில்லை. ஆனால் அதனாலேயே, திணறுவது வெளியே தெரியவும் நாளாகிவிடுகிறது.

காலையில் வட்டமாக உட்கார்ந்து பேசும் நேரத்தில் அப்படித் திணறும் பையன் பிரமாதமாகப் பேசுவான். அப்புறம் அவரவர் வேலையை அவரவரே தேர்ந்தெடுக்கலாம். அவன் தோட்டத்துக்கோ களிமண்ணுக்கோ போய்விடுவான். பல வயதுப் பிள்ளைகளும் ஒரே அறையில் இருப்பதால் பெரிய அக்கா யாராவது வாசித்துக் காட்டுவாள். கதை மனப்பாடமாகிவிடும். பக்கத்தைச் சரியாகப் புரட்டி 'வாசிப்பான்', பெற்றோரும் நம்புவார்கள்.

விசாரித்தால், "தயாராகும்போது தானா படிப்பான்" என்பார்கள். பல பிள்ளைகள் விஷயத்தில் அது சரிதான். டிஸ்லெக்ஸியா, அதாவது வாசிப்பதையும் எழுதுவதையும் கடினமாக்கும் கற்றல் குறைபாடு, உள்ள பிள்ளைக்குப் பொருந்தாது. எழுத்தையும் ஒலியையும் இணைக்க அவனுக்குப் படிப்படியாக, திரும்பத் திரும்பச் சொல்லித்தர வேண்டும். உப்புத்தாளில் வெட்டி ஒட்டிய எழுத்தை விரலால் தடவி ஒலியைச் சொல்லும் மாண்டிசோரி பயிற்சி நல்ல ஆரம்பம். அந்த எழுத்துகள் இருக்கும் தட்டுப் பக்கமே போகாமல் நழுவும் பிள்ளையை யார் கவனித்து எழுதி வைக்கிறார்கள்?

அதனால் பள்ளியில் உங்கள் பிள்ளையைப் பற்றிய குறிப்பேட்டைக் கேளுங்கள். பரீட்சை வைக்காத பள்ளி இதையாவது ஒழுங்காக எழுத வேண்டும். "சந்தோஷமா இருக்கான்" என்று மட்டும் பதில் வந்தால் எனக்குச் சந்தேகம்தான்.

ஏழு வயதாகியும் பழக்கமில்லாத சின்னச் சொல்லை எழுத்துக்கூட்ட முடியவில்லையா? முதலில் கண், காது பரிசோதனை. பிறகு சிறப்பாசிரியர். டிஸ்லெக்ஸியாவா என்று உறுதிசெய்யும் முறையான மதிப்பீடு வழக்கமாக எட்டு வயதுக்கு மேல்தான். உதவியை அதுவரை தள்ளிப்போட வேண்டாம்.

2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தில் டிஸ்லெக்ஸியா போன்ற கற்றல் குறைபாடும் சேர்க்கப்பட்டிருக்கிறது. இந்தப் பிள்ளைகளில் சிலர் பின்னாளில் என்ஐஓஎஸ் (தேசியத் திறந்தநிலைப் பள்ளி) மூலம் பத்தாம் வகுப்பு எழுதுகிறார்கள்; அதற்கு 14 வயது ஆகியிருக்க வேண்டும். தேர்வில் கூடுதல் நேரம் போன்ற சலுகைக்குக் கற்றல் குறைபாட்டுச் சான்றிதழ் தேவை. தேர்வு நெருங்கியபின் அலையாமல் முன்பே வாங்கி வையுங்கள்.