வானத்து இரும்பில் வாள் அடித்தால் என்ன ஆகும்?

மாயாஜாலக் கதைகளில் வரும் அரிய உலோகத்துக்கு இலக்கணம் ஏறக்குறைய ஒன்றுதான். வானிலிருந்து விழுந்திருக்கும், இறகுபோல எடையில்லாமல் இருக்கும், எதையும் வெட்டும், துருவே ஏறாது. இந்தக் கற்பனைக்கு முதல் கொடுத்த பொருள் விண்கல் இரும்பு. அது வானிலிருந்து விழுந்தது என்பது மட்டும் உண்மை. எடை சாதாரண இரும்பின் எடைதான், துருவோ அதைவிட வேகமாக ஏறும், கூர்மையில் சுமாரான எஃகுக் கத்திகூட அதை வென்றுவிடும். ஆனால் எந்த உலையாலும் செய்துகாட்ட முடியாத ஒன்று அதற்குள் இருக்கிறது.

பூமியில் விழும் விண்கற்களில் நூற்றுக்கு ஐந்து அளவில்தான் இரும்பு வகை. அவற்றில் பல, மோதிச் சிதறிய குறுங்கோள்களின் உட்கருத் துண்டுகள். பெரும்பாலானவற்றில் நிக்கல் 5 முதல் 12 சதவீதம் வரை இருக்கும். கோபால்ட் அரை சதவீதம் போல இருக்கும், கார்பன் மிகக் குறைவு. இவற்றோடு இரும்பு சல்பைடும் இரும்பு-நிக்கல் பாஸ்பைடும் தனித்தனி மணிகளாக உள்ளே புதைந்து கிடக்கும். இந்த மணிகளால் கொல்லருக்கு வரும் தொல்லையைப் பிறகு பார்க்கலாம்.

உட்கரு உறைந்த புதிதில் இரும்பும் நிக்கலும் ஒரே படிகமாகக் கலந்திருக்கும். சூடு 700 டிகிரி செல்சியஸ் பக்கம் இறங்கும்போது நிக்கல் குறைந்த இன்னொரு படிகம் உள்ளே தகடு தகடாக முளைக்கத் தொடங்கும். தகடு தடிக்க வேண்டுமானால் நிக்கல் அணுக்கள் அங்கிருந்து விலகி வெளியே நகர வேண்டும். திட இரும்புக்குள் அவை நகரும் வேகம் மிகமிகக் குறைவு. குறுங்கோளின் உட்கருவில் பத்து லட்சம் ஆண்டுகளுக்குச் சில டிகிரி முதல் சில ஆயிரம் டிகிரி வரைதான் சூடு இறங்கியது என்பதால் அதற்கு அவகாசம் கிடைத்தது. எண்முகப் படிகத் தளங்கள் நான்கு திசைகளில் அமைவதால் தகடுகளும் அந்த நான்கு திசைகளில் குறுக்கும் நெடுக்குமாக வளர்ந்தன. அறுத்து மெருகேற்றி அமிலம் தடவினால் தெரியும் பின்னல் இதுதான். 1808இல் வியன்னாவில் விட்மன்ஷ்டாட்டன் கண்டதால் அவர் பெயர் ஒட்டிக்கொண்டது. நேப்பிள்ஸில் தாம்சன் என்பவர் 1804லேயே இதைப் பற்றி எழுதிவிட்டார், பாவம். நிக்கல் 6 சதவீதத்துக்குக் கீழே இருந்தாலும், 16க்கு மேலே போனாலும், கண்ணுக்குத் தெரிகிற பின்னல் கிடைக்காது.

வடமேற்கு கிரீன்லாந்தின் இன்யூட் மக்கள் கேப் யார்க் விண்கல்லை நெருப்பே இல்லாமல் பயன்படுத்தினார்கள். கனத்த பசால்ட் கற்களால் தட்டித் தட்டிச் சிறு சில்லுகளைப் பெயர்த்து, மேலும் தட்டி மெல்லியதாக்கி, எலும்புப் பிடியின் விளிம்பில் வரிசையாகச் செருகிக் கத்தியாக்கினார்கள். அதே விண்கல்லின் 31 டன் துண்டு ஒன்றை 1897இல் அமெரிக்கத் துருவப் பயணி பியரி கப்பலில் ஏற்றிக்கொண்டு போனார். இப்போது அது நியூயார்க் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

நீளமான வாள் வேண்டும் என்றால் உலையில் காய்ச்சாமல் முடியாது. தொல்லையும் அங்கேதான். இரும்பும் அதன் சல்பைடும் சேர்ந்த கலவை 988 டிகிரியில் உருகும். அதற்கு மேல் சூடேறினால் படிகங்களின் இடுக்குகளில் திரவம் கசியும், சம்மட்டி பட்டதும் கட்டி உதிரும். சூடு குறைந்த நிலையில் அடித்தாலோ பாஸ்பைடு மணிகளை ஒட்டி விரிசல் விடும். இரண்டுக்கும் நடுவே கொல்லருக்குக் கிடைக்கும் இடம் குறுகலானது. பண்டைய எகிப்து மன்னர் துட்டன்காமூனின் குறுவாளை ஆராய்ந்த ஜப்பானியக் குழு, அதில் பின்னல் இன்னும் தெரிவதை வைத்து, 950 டிகிரிக்குக் கீழேதான் அதை அடித்திருக்க வேண்டும் என்று 2022இல் எழுதியது. மூவாயிரம் ஆண்டுகளுக்கு முன் சூட்டை நிறத்தால் மட்டுமே அளந்த கைக்கு இது பெரிய சாதனை என்பேன்.

ஜஹாங்கீர் தன் நினைவுக் குறிப்புகளில் இதே தொல்லையைப் பதிவு செய்திருக்கிறார். 1621இல் ஜலந்தர் பக்கம் விழுந்த கல் 160 தோலா எடை இருந்தது. கொல்லர் உஸ்தாத் தாவூத் அதை அடித்தபோது சம்மட்டிக்குத் தாங்காமல் சிதறியது. மூன்று பங்கு வானத்து இரும்போடு ஒரு பங்கு சாதாரண இரும்பைக் கலந்த பிறகே இரண்டு வாள்களும், ஒரு குறுவாளும், ஒரு கத்தியும் உருவாயின. கத்தி இன்று வாஷிங்டனில் ஸ்மித்சோனியன் சேகரிப்பில் உள்ளது.

சிதறாமல் அடித்துவிட்டாலும் வெட்டுவாய் நிற்காது. செந்தணலாகக் காய்ச்சித் தண்ணீரில் தோய்த்தால் எஃகு கடினமாவது கார்பனால். இதில் அது இல்லை. இன்றைய கத்தி செய்பவர்கள் கார்பன் மிகுந்த எஃகை நடுவில் வைத்து, இருபுறமும் விண்கல் இரும்பை வெங்காரம் தூவிப் பற்றவைக்கிறார்கள். வெட்டுவது எஃகு, அழகு மட்டும் வானத்தது. இந்தச் சூட்டில் பழைய பின்னல் கலங்கிவிடும். நிக்கலின் வெண்மையான வரிகள்தான் மிஞ்சும். ஜாவாவின் கிரிஸ் கத்திகளில் ஆர்சனிக்கும் எலுமிச்சைச் சாறும் தடவி மேலெழச் செய்வது அத்தகைய வரிகளைத்தான்.

பின்னலைக் கலையாமல் பார்க்க விரும்புகிறவர் காய்ச்சவே கூடாது. மெதுவாக, குளிரவைத்துக்கொண்டே அறுத்த துண்டை 120, 220, 400, 600 எண் உப்புத்தாள்களில் அடுத்தடுத்துத் தேய்க்க வேண்டும். முந்தைய தாளின் கீறல் முழுக்க மறையாமல் அடுத்ததற்குப் போனால் அமிலம் அந்தக் கீறலைத்தான் முதலில் காட்டிக்கொடுக்கும். அசிட்டோனால் எண்ணெய்ப் பசையைப் போக்கிய பிறகு, 95 மில்லி எத்தனாலில் 5 மில்லி அடர் நைட்ரிக் அமிலத்தைச் சிறிது சிறிதாகச் சேர்த்து, அந்தக் கரைசலைத் தூரிகையால் தடவ வேண்டும். அமிலத்தில் எத்தனாலை ஊற்றக் கூடாது. கலவையை இதைவிட அடர்த்தியாக்கினாலோ, மூடி வைத்தாலோ வெடிக்கும் ஆபத்து உண்டு. கையுறை, கண்ணாடி, காற்றோட்டம் மூன்றும் கட்டாயம். சில நிமிடங்களில் நிக்கல் குறைந்த தகடுகள் அதிகமாக அரிக்கப்பட்டு மங்கும், அவற்றுக்கிடையில் நிக்கல் மிகுந்த மெல்லிய கோடுகள் பளிச்சென்று நிற்கும். அங்கேயே நிறுத்திவிடுங்கள். ஆசைப்பட்டுத் தொடர்ந்தால் துண்டின் முகமே கறுத்துவிடும்.

பிறகு சமையல் சோடாக் கரைசலில் கழுவி, எத்தனாலில் அலசி, நூறு டிகிரி அடுப்பில் ஈரம் போக உலர்த்தி, எண்ணெய் பூச வேண்டும். மண்ணில் கிடந்த காலத்தில் விண்கல் குளோரினை உறிஞ்சியிருக்கும். ஈரம் பட்டால் அந்தக் குளோரின் இரும்பை உள்ளிருந்து தின்னும், துரு ஏறிய பின்னும் அது தீர்ந்துபோகாமல் அடுத்த சுற்றுக்குத் தயாராக இருக்கும். கடலோரக் காற்றில் எண்ணெய்ப் பூச்சு மட்டும் போதாது. காற்றுப் புகாத பெட்டியில் சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு வைத்து, ஜெல் நிறம் மாறும்போதெல்லாம் மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும்.