ஐடென்டிஃபையர்: இடுபெயர்

மதுரையில் எவர்சில்வர் பாத்திரம் வாங்கினால் கடையிலேயே பெயர் வெட்டித் தருவார்கள். கல்யாண வீட்டில் நாலு வீட்டு அண்டாக்கள் கலந்து கிடக்கும்போது எது யாருடையது என்று சொல்வது அந்த வெட்டுதான். இங்கிருந்து ஏறத்தாழ 12 கி.மீ. தள்ளியிருக்கும் கீழடியிலும் ஆதன், குவிரன் என்று பெயர் கீறிய பானை ஓடுகள் கிடைத்தன. எழுத்து தமிழி, அதாவது பழைய தமிழ் பிராமி. மற்றபடி செய்த வேலை அதேதான்: பானையின் மேல் பெயரை இடுவது.

கணினிக்கு நிரல் (புரோகிராம்) எழுதுவோர் ‘ஐடென்டிஃபையர்’ என்று சொல்வது இந்தக் கீறலைத்தான். மாறி (வேரியபிள்) என்பது பானை, அதற்குள் இருக்கும் மதிப்பு தானியம், மேலே கீறிய பெயர் ஐடென்டிஃபையர். மாறிக்கு மட்டுமல்லாமல், செயற்கூறு (ஃபங்ஷன்), வகுப்பு (கிளாஸ்) என்று நிரலில் நாம் பெயர் வைக்கும் எல்லாவற்றுக்கும் இது பொது.

லத்தீனில் ‘இடெம்’ என்றால் ‘அதே’. அதிலிருந்து, அதேயாக இருக்கும் தன்மையைச் சொல்லும் ‘இடென்டிடாஸ்’ வந்தது. ‘ஃபாக்கெரே’ என்றால் செய்தல். இரண்டும் கூடி இடைக்கால லத்தீனில் ‘இடென்டிஃபிகாரே’ ஆகிப் பிறகு ஆங்கிலத்துக்குப் போனது. ‘இது அதுவேதான் என்று ஆக்குவது’ என்பது வேர்ப்பொருள்.

அந்த ‘அதே’ எவ்வளவு பெரிய சொல் என்பது தமிழில் நிரல் எழுதினால் தெரியும். ‘கொள்ளளவு’ என்று ஒரு மாறிக்குப் பெயர் வைக்கிறோம். முதலெழுத்தின் ஒகரக் குறியை, உலக மொழிகளின் எழுத்துகளுக்கெல்லாம் எண் கொடுக்கும் யூனிகோடில் ஒரே குறியெண்ணாகவும் சேமிக்கலாம். ஒற்றைக்கொம்பு, கால் என இரண்டாகவும் சேமிக்கலாம். திரையில் வேறுபாடு தெரியாது. பைத்தான் என்ற நிரல்மொழி இரண்டையும் ஒரே வடிவுக்கு மாற்றிக்கொண்டு ஒரே பெயராகக் கொள்கிறது. இன்னொரு நிரல்மொழியான ஜாவாஸ்கிரிப்ட் மாற்றுவதில்லை, அதற்கு அவை இரண்டு பெயர்கள், இரண்டு பானைகள்.

ஞாயிறுதோறும் பழங்காநத்தத்தில் சில பிள்ளைகளுக்குப் பைத்தான் சொல்லிக்கொடுக்கிறேன். பதினொன்றாம் வகுப்பு மாணவி ஒருத்தி, மனிதர் புதிதாகப் படைத்த மொழிகள் மேல் பெரும் ஈடுபாடு கொண்டவள், ஒருநாள் கேட்டாள்: “சார், அந்த மொழிகளின் எழுத்திலேயே மாறிகளுக்குப் பெயர் வைக்கலாமா?” அன்றைய பாடத்தை மூடிவைத்துவிட்டு அதையே செய்து பார்த்தோம்.

எஸ்பெராண்டோ எளிதாக வந்தது. 1887-இல் ஸாமென்ஹாஃப் வெளியிட்ட அந்த மொழிக்கு 28 எழுத்துகள். அவற்றில் ஆறு, தலையில் குறி தாங்கிய லத்தீன் எழுத்துகள். ஒவ்வொன்றுக்கும் யூனிகோடில் தனி இடம் உண்டு. 2008-இல் வந்த பைத்தான் 3 முதல் பிறமொழி எழுத்துகளிலும் பெயர் வைக்கலாம் என்பதால் மறுபேச்சு இல்லை. ‘ஸ்டார் டிரெக்’ கதைகளுக்காகப் படைத்த கிளிங்கான் மொழியின் எழுத்து நுழையவில்லை. அதைச் சேர்க்கும்படி வந்த கோரிக்கையை யூனிகோட் கூட்டமைப்பு 2001-இல் மறுத்துவிட்டது. ஆர்வலர்கள் அதை யாருக்கும் ஒதுக்காத தனிப்பயன் பகுதியில் வைத்துப் புழங்குகிறார்கள். அப்பகுதியில் இருப்பதைப் பைத்தான் எழுத்தாகவே எண்ணுவதில்லை, பிழை காட்டியது.

பிறகு ‘கோ’ (Go) என்ற நிரல்மொழிக்குப் போனோம். அங்கே கண்டது இன்னும் எனக்கு ஆறவில்லை. கோ மொழியின் விதிப்படி பெயரில் எழுத்து, எண், அடிக்கோடு ஆகியவையே வரலாம். எது எழுத்து என்பதற்கு யூனிகோடின் வகைப்பாட்டை எடுத்துக்கொண்டார்கள். அந்த வகைப்பாட்டில் க, வ, ம எல்லாம் எழுத்து. புள்ளியும் காலும் கொம்பும் எழுத்தைச் சாரும் குறிகள், வேறு வகை. ஆகவே ‘பல’ என்று பெயர் வைக்கலாம், ‘சில’ என்று வைக்க முடியாது. ‘மதுரை’ முடியாது. ‘வைகை’ முடியாது. ஆனால் 19-ஆம் நூற்றாண்டின் நடுவில் அமெரிக்காவின் யூட்டாவில், ஆங்கிலத்தை ஒலிப்படி எழுதுவதற்காகப் படைத்துப் பின்னர் வழக்கொழிந்த டெசரெட் எழுத்துகள் அங்கே தடையின்றிச் செல்கின்றன. அவற்றில் பெரிய எழுத்து, சிறிய எழுத்து என்ற பிரிவுகூட உண்டு. பெயர் பெரிய எழுத்தில் தொடங்கினால்தான் நிரலின் பிற தொகுப்புகள் (பேக்கேஜ்) அதைப் பயன்படுத்த முடியும் என்பது கோ மொழியின் இன்னொரு விதி. டெசரெட் அதிலும் தேறிவிடுகிறது. தமிழில் அந்தப் பிரிவு இல்லை. மெய்க்குப் புள்ளி இயல்பு என்று தொல்காப்பியம் சொல்லியிருக்கிறது. அந்தப் புள்ளியை எழுத்தின் உறுப்பாகக் கொள்ளாத விதி, தமிழை எழுத்தாகக் கண்டு வகுத்த விதி அன்று. டெசரெட்டுக்கு இடம் கொடுத்தது சரி. நமக்கும் இடம் வேண்டும்.

இனி தமிழ்ச்சொல். ‘அடையாளங்காட்டி’ என்று எழுதுகிறார்கள். ‘இனங்காட்டி’ என்பாரும் உண்டு. முதலாவது ஆங்கிலச் சொல்லைத் துண்டு துண்டாகப் பெயர்த்தது. அடையாள அட்டையும் அடையாளம் காட்டும், கைரேகையும் காட்டும். இரண்டாவது அதைவிடப் பொருந்தாது. இனம் என்பது வகை, இங்கே வேண்டியதோ வகைக்குள் ஒன்றைத் தனித்துச் சுட்டும் பெயர்.

நான் பரிந்துரைப்பது ‘இடுபெயர்’. இட்ட பெயர், இடுகின்ற பெயர், இடப்போகும் பெயர் மூன்றையும் அடக்கும் வினைத்தொகை. குழந்தைக்குப் பெயரிடுகிறோம், நிரலிலும் அதுவேதான் நடக்கிறது. ‘இந்த மாறியின் இடுபெயர் என்ன?’ என்று கேட்டால் நிரல் தெரியாதவருக்கும் பாதி விளங்கும். ஒரு மாறியை அறிவிப்பதை எங்கள் வகுப்பில் ‘பெயர் வெட்டுதல்’ என்றே சொல்கிறோம். பிள்ளைகளுக்கு உடனே பிடித்துக்கொண்டது.

இந்தச் சொல்லை எடுப்பதில் இன்னொரு பயனும் உண்டு. நன்னூல் பெயர்களை இடுகுறிப்பெயர், காரணப்பெயர் என்று பிரிக்கிறது. மரம் இடுகுறி, பறப்பதால் பறவை என்பது காரணம். சுற்றுகளை எண்ண ‘ஐ’ என்று ஒற்றை எழுத்து வைப்பது இடுகுறி, ‘மொத்த_விலை’ என்பது காரணம். நிரலாளர்கள் எங்கும் வாதிடும் நல்ல பெயர், கெட்ட பெயர் விவகாரத்தைப் பேச நம்மிடம் சொற்கள் ஏற்கெனவே தயாராக இருக்கின்றன. வகுப்பில் நிரலைத் திருத்தும்போது, பொருளில்லாத இடுபெயருக்குப் பக்கத்தில் ‘காரணம்?’ என்று மட்டும் எழுதிக்கொடுக்கிறேன். அடுத்த ஞாயிறு, ‘க’ என்று இருந்தது ‘கூலி_மொத்தம்’ என்று மாறி வருகிறது.