மேடையில் ஒரு மணி நேரம், காதில் ஆறு மாதம்

கோலாலம்பூரில் என் கிளினிக்குக்கு வரும் இளைஞர்கள் சிலர் போனில் ஒரு வீடியோவைக் காட்டித்தான் பேச்சைத் தொடங்குகிறார்கள். முதுகுத் தோலில் கொக்கி மாட்டித் தொங்குகிறவர், இரண்டாகப் பிளந்த நாக்கு, தோலுக்கடியில் புதைத்த சிலிகான். "நம்ம ஆளுங்க அலகு குத்துறாங்களே டாக்டர், ஒண்ணும் ஆகலையே?" என்று உடனே கேட்பார்கள்.

நியாயமான கேள்வி. பத்துமலை முருகன் கோயிலில் 272 படி ஏறி நேர்த்திக்கடன் முடிந்ததும் குத்திய அலகைக் கழற்றிவிடுகிறோம். உள்ளே எதுவும் தங்குவதில்லை, துளை சீக்கிரம் மூடிக்கொள்கிறது. (அங்கேயும் ஆளுக்கொரு புது ஊசி வேண்டும். ஒருவர் ரத்தம் பட்ட ஊசியால் ஈரலைத் தாக்கும் ஹெபடைடிஸ் பி, சி கிருமிகள் மற்றவருக்குப் பரவும். ஹெபடைடிஸ் பி தடுப்பூசி இங்கே 1989 முதல் குழந்தைகளுக்குப் போடப்படுகிறது. ஹெபடைடிஸ் சி-க்குத் தடுப்பூசியே கிடையாது.) காதில் மாட்டும் வளையமும் தோலுக்கடியில் வைக்கும் சிலிகானும் அப்படியல்ல. அவை உள்ளேயே இருக்கும், புண் அவற்றைச் சுற்றித்தான் ஆறவேண்டும்.

உடலையே கலையாக்கியவர்களை நான் மதிக்கிறேன். பிரெஞ்சுக் கலைஞர் ஓர்லான் 1990 முதல் 1993 வரை தன் அறுவை சிகிச்சைகளையே நிகழ்ச்சியாக்கினார். கத்தியைப் பிடித்தவர்கள் அறுவை மருத்துவர்கள். ஆஸ்திரேலியாவின் ஸ்டெலார்க் கொக்கிகளில் தொங்கியவர், பிறகு அறுவை சிகிச்சையால் தன் கையில் ஒரு காதையே உருவாக்கிக்கொண்டார். சம்மதிக்கும் மருத்துவர்களைத் தேடிப் பிடிக்கவே அவருக்குப் பல வருடங்கள் ஆயின. அப்படியும் அந்தக் காதுக்குள் வைத்த மைக்ரோபோனில் தொற்று ஏற்பட்டு அதை எடுக்க வேண்டியதாயிற்று. தேர்ந்த மருத்துவர்கள் செய்தே இந்தக் கதி. வீடியோவில் இதெல்லாம் வராது.

நான் அதிகம் பார்ப்பது காதின் மேல் குருத்தெலும்பில் குத்தியதைத்தான். அதற்கென்று தனி ரத்த ஓட்டம் இல்லை. மேலே போர்த்திய மெல்லிய சவ்விலிருந்துதான் ஊட்டம் வருகிறது. பாசார் மாலாமில் (இரவுச் சந்தையில்) காது குத்தும் துப்பாக்கி வைத்து அடிக்கும்போது, மழுங்கிய கம்மல் முனை அந்தக் குருத்தெலும்பை நசுக்கிக்கொண்டு போகும். பிளாஸ்டிக் துப்பாக்கியை, கிருமி நீக்கும் கருவியான ஆட்டோகிளேவில் 121 டிகிரி நீராவியில் வைக்கவும் முடியாது. சில நாளில் மேல்காது சிவந்து, கொதித்து, மடிப்புகள் மறைந்துவிடும். கீழே தொங்கும் சதை (சோணை) மட்டும் வழக்கம்போல் இருக்கும். அதைப் பார்த்ததுமே எனக்குப் பதற்றம் வரும். இது பெரும்பாலும் சூடோமோனாஸ் கிருமி. வீட்டில் மிச்சமிருக்கும் அமொக்சிசிலின் என்ற ஆன்டிபயாடிக் மாத்திரை அதைத் தொடாது. மஞ்சளைக் குழைத்துப் பூசிக்கொண்டு நாளைக் கடத்தினால் சீழ் கட்டிக் குருத்தெலும்பு கரையும், காது சுருங்கிப்போகும். பிறகு பழைய வடிவத்தைக் கொண்டுவருவது மிகக் கடினம்.

அப்புறம் கீலாய்டு. நம் நிறத் தோலில் தழும்பு காயத்தின் எல்லையைத் தாண்டிப் புடைக்கும் வாய்ப்பு கூடுதல். அம்மாவுக்கோ அண்ணனுக்கோ அப்படி இருந்தால் நீங்கள் குத்தவே வேண்டாம் என்பேன். வெட்டி எடுத்தாலும் திரும்ப வளரும்.

சரி, செய்தே தீருவேன் என்றால்? துப்பாக்கி வேண்டாம். உங்கள் கண்முன்னே பிரிக்கும் உறையிலிருந்து வரும் ஊசி இருக்கட்டும். டெட்டனஸ் ஊசி போட்டுப் பத்து வருடமாகியிருந்தால் முதலில் அதைப் போடுங்கள். காதுச் சோணை ஆறு வாரத்தில் ஆறும், குருத்தெலும்புக்கு ஆறு மாதம், சிலருக்கு ஒரு வருடம்கூட ஆகும். நாக்கைப் பிளப்பதும் சிலிகான் புதைப்பதும் அறுவை சிகிச்சை. கடையில் செய்யவே கூடாது. மேல்காது சிவந்து கொதித்தால் வளையத்தைக் கழற்றுவதா வேண்டாமா என்று நீங்களே முடிவெடுக்காமல் அன்றைக்கே மருத்துவரிடம் போங்கள். இரவாக இருந்தால் அவசரப் பிரிவுக்குப் போங்கள்.